நான் கேட்காத விடுப்பு

ஏப்ரல் 4

இந்த டைரி மருந்துக் கம்பெனிக்காரர் ஒருவர் மூன்று வருடத்துக்கு முன் இலவசமாகக் கொடுத்தது. கிழமைகள் பொருந்தாது, தேதியை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். டைரி எழுதும் பழக்கம் எனக்குக் கிடையாது. எங்கள் சங்கச் செயலாளர் செல்லையா அண்ணாச்சி சொன்னதால் எழுதுகிறேன். எங்கே போனேன், யாரைப் பார்த்தேன், என்ன கடிதம் வந்தது என்று தேதிவாரியாக எழுதி வைத்தால் விசாரணையில் எடுத்து நீட்டலாம் என்றார். ஆக இதை என்றைக்காவது ஓர் அதிகாரி படிக்கக்கூடும். படிக்கும் அதிகாரிக்கு வணக்கம்.

என் விவரம். சி. சண்முகவடிவு, வயது ஐம்பது, மருந்தாளுநர், பனையங்கால் அரசு மருத்துவமனை. மருந்துக் கிடங்கு என் பொறுப்பு. இருபத்திரண்டு வருட சர்வீஸ். நேற்று மாலை நான்கு மணிக்கு என்னைத் தற்காலிகப் பணிநீக்கம் செய்த உத்தரவைக் கையில் கொடுத்தார்கள். மார்ச் 28 அன்று நடந்த இருப்புச் சரிபார்ப்பில் பாம்புக்கடி மருந்து நாற்பது குப்பி குறைந்ததாம். அதை நான் கையாடிவிட்டதாகச் சந்தேகமாம். நாற்பது குப்பி பாம்புக்கடி மருந்தை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன், ரசம் வைப்பேனா?

கிடங்குச் சாவியை ஒப்படைத்துவிட்டு பஸ்ஸில் வந்தேன். என் வீட்டுக்காரர் இரும்புக் கடையை ஒரு மணி நேரம் முன்னதாகவே அடைத்துவிட்டு வந்து உட்கார்ந்திருந்தார். 

ஏப்ரல் 5

நாற்பது குப்பி எங்கே போயிற்று என்பது எனக்குத் தெரியும். அதிகாரிக்கும் புரியும்படி எழுதுகிறேன்.

ஆஸ்பத்திரிகளுக்கு மருந்து மாவட்டக் கிடங்கிலிருந்து வரும். நடுவில் தீர்ந்துபோனால் எழுதிக் கேட்டு, கையெழுத்தாகி, வண்டி வந்து சேர நாலைந்து நாள் ஆகும். பாம்பு கடித்தவனுக்கு அவ்வளவு நேரம் இல்லை. அதனால் பக்கத்து ஆஸ்பத்திரிக் கிடங்குக்காரருக்குப் போன் போடுவோம். அவர் கொடுத்து அனுப்புவார். வாங்கியவர் ஒரு துண்டுச் சீட்டில் எண்ணிக்கையை எழுதி, பெயரின் முதலெழுத்தைப் போட்டு அனுப்புவார். கொடுத்தவர் அதை ஆணியில் குத்தி வைப்பார். அவர்களுக்குச் சரக்கு வந்ததும் அதே எண்ணிக்கை திரும்பி வரும், சீட்டைக் கிழித்துப் போடுவோம். இதற்குக் கைமாற்று என்று பெயர். பதிவேட்டில் ஏற்ற மாட்டோம். ஏற்றினால் யார் அனுமதியில் கொடுத்தாய் என்று தணிக்கைக்காரர் கேட்பார், அனுமதி வாங்க மறுபடி நாலு நாள் ஆகும். இந்த மாவட்டத்தில் எல்லாக் கிடங்கிலும் இதுதான் வழக்கம். எனக்கு வேலை கற்றுக் கொடுத்தவரும் இப்படித்தான் செய்தார்.

ஒரே ஓர் ஆபத்து, சீட்டு ஆணியில் தொங்கும்போது சரிபார்ப்பு வந்துவிடக் கூடாது. இருபத்திரண்டு வருடம் வரவில்லை. இந்த வருடம் வந்துவிட்டது.

மார்ச் மூன்றாம் தேதி நெடுவயல் ஆஸ்பத்திரியிலிருந்து பீர் முகமது சார் போன் செய்தார். அவரும் கிடங்கு மருந்தாளுநர்தான், என்னைவிட மூத்தவர். பிசான நெல் அறுவடை நேரம். ஒரே வயலில் இரண்டு பேரைக் கடித்திருக்கிறது, கையில் ஒரு குப்பிகூட இல்லை என்றார். இருபது கொடுத்தேன். மறுநாள் இன்னும் இரண்டு பேர். இன்னும் இருபது கொடுத்தேன். இரண்டுக்கும் சேர்த்து ஒரே சீட்டு, அது ஆணியில்தான் இருந்தது. "40, பீ.மு." அவ்வளவுதான் அதில் இருக்கிறது. சரிபார்த்தவர்கள் அதை ஓர் உறையில் போட்டு எடுத்துப் போனார்கள்.

எனக்குப் பயமில்லை. பதினெட்டு வருடப் பழக்கம். பீர் சார் ஒரு வார்த்தை சொன்னால் போதும், விஷயம் முடிந்தது.

ஏப்ரல் 19

பிழைப்பூதியம் என்று பாதிச் சம்பளம் தருவார்களாம். அதை வாங்க, வேறு வேலையோ தொழிலோ வியாபாரமோ செய்யவில்லை என்று மாதாமாதம் எழுதிக் கொடுக்க வேண்டும். எழுதிக் கொடுத்தேன்.

சும்மா இருக்கிறாளே என்று வீட்டுக்காரர் கடைக்கு வந்து உட்காரச் சொன்னார். போனேன். ஒருவர் கால் கிலோ ஆணி கேட்டார். தராசுப் பக்கம் கை போனது, உடனே இழுத்துக்கொண்டேன். "நான் வியாபாரம் செய்யக் கூடாது, ஓனர் டீ குடிக்கப் போயிருக்கிறார், நில்லுங்கள்" என்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு எதிர்க்கடையில் வாங்கிக்கொண்டார். வீட்டுக்காரர் திரும்பி வந்து, நாளையிலிருந்து வீட்டிலேயே இருக்கும்படி என்னைக் கேட்டுக்கொண்டார்.

மே 2

தங்கை மகள் சடங்கு, சாத்தூரில். உத்தரவில் சொன்ன ஊரை விட்டு அனுமதியில்லாமல் வெளியே போகக் கூடாது. அனுமதி கேட்டு மார்ச்சிலா எழுத முடியும்? ஏப்ரல் 10 எழுதினேன். சடங்கு ஏப்ரல் 23. அனுமதிக் கடிதம் இன்று வந்தது.

மே 23

மெயின் ரோட்டில் புதிதாக மருந்துக் கடை போடப்போகிற ஒருவர் வீட்டுக்கு வந்தார். என் மருந்தாளுநர் சான்றிதழைக் கடையில் மாட்டிக்கொள்ள மாதம் எட்டாயிரம் தருகிறாராம். நான் கடைக்கு வரவே வேண்டாமாம், சுவரில் என் பெயர் தொங்கினால் போதுமாம். வீட்டுக்காரருக்கு முகம் ஒரு விநாடி பிரகாசமானது. நான் பார்த்துவிட்டேன். மகளுக்குக் கல்லூரி இரண்டாம் வருடக் கட்டணம் கட்ட வேண்டும்.

மோர் கொடுத்து அனுப்பி வைத்தேன். செய்யாத தவறுக்கே வேலை போயிருக்கிறது, செய்துவிட்டு வேறு போக வேண்டுமா?

ஜூன் 14

குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது. ஏழு பக்கம். என் பெயர் பதினோரு இடத்தில் வருகிறது, மூன்று இடத்தில் தப்பாக. பதில் எழுத அண்ணாச்சி உதவினார். கைமாற்றை மறைக்காமல் எழுதினேன். பதிவேட்டில் ஏற்றாதது என் தவறு என்றும் எழுதினேன். அதை எழுத வேண்டாம் என்று அண்ணாச்சி எவ்வளவோ சொன்னார். உண்மையைப் பாதி சொன்னால் மீதிப் பாதியையும் யாரும் நம்ப மாட்டார்கள் என்றேன்.

ஆகஸ்ட் 9

விசாரணை. விசாரணை அலுவலர் வேறு துறைக்காரர், குளிர்ந்த குரல். சீட்டை மேசையில் வைத்தார். பீர் சாரைக் கூப்பிட்டார்.

பீர் சார் சீட்டை எடுத்துக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். பிறகு சொன்னார்: "இது என் எழுத்து இல்ல சார். மார்ச்சுல பனையங்கால்ல இருந்து நான் மருந்து எதுவும் வாங்கினதா நெனவில்ல."

அப்படியானால் நெடுவயலில் அந்த நாட்களில் பாம்புக்கடிக்குச் சேர்ந்தவர்களின் கேஸ் ஷீட்டை வரவழையுங்கள் என்று கேட்டேன். எந்த நோயாளி, என்ன எண் என்று அலுவலர் கேட்டார். எனக்கு எப்படித் தெரியும்? பெயரோ எண்ணோ இல்லாமல் எழுத முடியாது என்று சொல்லிவிட்டார்.

ஆகஸ்ட் 10

எழுத ஒன்றும் இல்லை. தோசை மாவு புளித்துவிட்டது.

ஆகஸ்ட் 16

அண்ணாச்சி விசாரித்துச் சொன்னார். பீர் சார் அடுத்த வருடம் ஜூலை கடைசியில் ஓய்வு பெறுகிறார். வாங்கினேன் என்று சொன்னால், பதிவேட்டில் ஏற்றாமல் வாங்கியதற்கு அவர் மேலும் நடவடிக்கை வரும். ஓய்வூதியம் தொங்கிப் போகும். மூத்த மகள் வேறு வீட்டுக்குத் திரும்பி வந்திருக்கிறாளாம், கைக்குழந்தையோடு.

எல்லாம் நியாயம்தான். எனக்கு மட்டும் பிள்ளை இல்லையா, வீடு இல்லையா? பதினெட்டு வருடத்தில் எத்தனை போன், எத்தனை சீட்டு! அவருக்கு ஒன்று தீர்ந்து, நான் இல்லை என்று சொன்னது ஒருநாள் உண்டா? ரம்ஜானுக்கு அவர் வீட்டிலிருந்து வரும் பிரியாணியை இந்த வருடமும் வாங்கிச் சாப்பிட்டேன் என்று நினைத்தால் என் மேலேயே ஆத்திரம் வருகிறது. மனுஷனா அவர்?

இதை அதிகாரி படித்தால் படிக்கட்டும். ஒரு வரியையும் அடித்து அழிக்க மாட்டேன்.

செப்டம்பர் 5

தெருவில் யாருக்கு மாத்திரைச் சீட்டு கிடைத்தாலும் என்னிடம் கொண்டுவந்துவிடுகிறார்கள். எதைச் சாப்பாட்டுக்கு முன், எதைப் பின் என்று சொல்கிறேன். இது தொழிலில் சேருமா என்று அண்ணாச்சியிடம் கேட்டேன். காசு வாங்காவிட்டால் சேராது என்றார். எதிர்வீட்டு அக்கா நாலு முருங்கைக்காய் கொடுத்தாள். அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அவளுக்குக் கோபம்.

அக்டோபர் 7

ஆறு மாதம் கழிந்தால் பிழைப்பூதியத்தைக் கூட்டித் தரலாம் என்று விதி இருக்கிறதாம். யாரும் தானாகச் செய்யவில்லை. நினைவூட்டி எழுதினேன்.

அக்டோபர் 21

தபாலில் ஓர் உறை வந்தது. அனுப்பியவர் பெயர் இல்லை. உள்ளே ஒரு சின்னத் தாள், அதில் நான்கு எண்கள். அவ்வளவுதான். வெறும் எண்கள், ஒவ்வொன்றுக்கும் முன்னால் "உ.நோ." என்று. உள்நோயாளி எண்.

யார் அனுப்பியது என்று எனக்குத் தெரியாது. அந்தக் கையெழுத்தை நான் இதற்கு முன் பார்த்ததில்லை. இதைத் தேதி போட்டுத் தெளிவாகவே எழுதி வைக்கிறேன், நாளைக்கு யாராவது இந்த டைரியைப் புரட்டி இன்னார்தான் அனுப்பினார் என்று ஒருவரை மாட்டிவிடக் கூடாது பாருங்கள்.

தாளைப் படியெடுத்துக்கொண்டு, உறையோடு சேர்த்து அதை அடுப்பில் போட்டேன். மத்தியானம் ரொம்ப நாள் கழித்து நன்றாகத் தூங்கினேன்.

அக்டோபர் 22

தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டேன். நோயாளிகள் பெயர், ஊர் எதுவும் வேண்டாம், இந்த நான்கு எண்களுக்கு உரியவர்களுக்கு எந்தத் தேதியில் எத்தனை குப்பி பாம்புக்கடி மருந்து ஏற்றப்பட்டது என்பதும், அந்த நாட்களில் நெடுவயல் கிடங்கில் எத்தனை இருப்பு இருந்தது என்பதும் மட்டும் போதும் என்று கேட்டேன். வீட்டுக்காரர் பதிவுத் தபாலில் சேர்த்துவிட்டு வந்தார். ரசீதைச் சாமி படத்துக்கு முன் வைத்துவிட்டார். அவருக்குச் சாமி நம்பிக்கை அதிகம் கிடையாது.

டிசம்பர் 12

பதில் வந்துவிட்டது!

பத்து, பத்து, பத்து, பத்து. மொத்தம் நாற்பது. மார்ச் 3, 4 இரண்டு நாளும் நெடுவயல் கிடங்கில் இருப்பு பூஜ்யம். இல்லாத மருந்தை நான்கு பேருக்கு எப்படி ஏற்றினார்கள் என்று இனி அவர்கள்தான் சொல்ல வேண்டும்.

தாளின் கீழே ஒரு வரி. நான்கு நோயாளிகளும் குணமாகி வீடு திரும்பினர். நான் அதைக் கேட்கவே இல்லை. யாரோ ஒரு கிளார்க் தானாகச் சேர்த்திருக்கிறார். எட்டு மாதமாக நான் குப்பியைத்தான் எண்ணிக்கொண்டிருந்தேன், ஆட்களை நினைக்கவில்லை. நாலு பேரும் இப்போது எங்கேயோ களை எடுத்துக்கொண்டு, சண்டை போட்டுக்கொண்டு, சாப்பிட்டுக்கொண்டு இருக்கிறார்கள். சந்தோஷமாக இருந்தது. கொஞ்சம் அழுதேன்.

ஜனவரி 18

இரண்டாவது விசாரணை. பதிலை மேசையில் வைத்தேன். விசாரணை அலுவலர் இரண்டு தடவை படித்தார். மருந்து எங்கிருந்தோ வந்திருக்கிறது, பனையங்காலிலிருந்துதான் வந்தது என்பதற்கு என்ன ஆதாரம், வேறு ஆஸ்பத்திரியிலிருந்தும் வந்திருக்கலாமே என்று கேட்டார். அவர் கேட்டதும் நியாயம்தான். 

பீர் சார் சாட்சி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். ஆமாம் என்று தலையை அசைத்தோ, வேறு ஊர்ப் பெயர் ஒன்றைச் சொல்லியோ தப்பித்திருக்கலாம். ஆறே மாதம் ஓட்டினால் ஓய்வு. அவர் எழுந்து நின்றார்.

"நான்தான் வாங்கினேன் சார். நாப்பதும் இந்தம்மாகிட்டதான் வாங்கினேன். சீட்டு என் எழுத்துதான். போன தடவை பொய் சொன்னேன்."

அலுவலர் உட்காரச் சொன்னார். இதை எழுதிக்கொண்டால் உங்களுக்கு என்ன ஆகும் என்று தெரியுமா என்று கேட்டார். தெரியும், எழுதிக்கொள்ளுங்கள் என்றார் பீர் சார்.

வெளியே வராந்தாவில் அவரும் நானும் ஒரே நேரத்தில் வந்தோம். ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். செருப்பைப் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன். அண்ணாச்சி பஸ் முழுக்கப் பேசிக்கொண்டே வந்தார், நான் ஒன்றையும் கேட்கவில்லை.

ஏப்ரல் 11

விசாரணை அறிக்கை. "கையாடல் குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை." பதிவேட்டில் ஏற்றாததற்கு மட்டும் தனியாக விளக்கம் கேட்பார்களாம். கேட்கட்டும், அதைத்தான் நான் ஜூனிலேயே ஒப்புக்கொண்டேனே. வீட்டுக்காரர் கால் கிலோ மைசூர்பாகு வாங்கி வந்தார். எதிர்வீட்டு அக்காவுக்கும் கொடுத்தோம், முருங்கைக்காய்க் கோபம் தீர்ந்தது.

ஜூன் 6

இன்று பணியில் சேர்ந்தேன். பதினான்கு மாதம் மூன்று நாள். கிடங்கைத் திறந்ததும் அந்த வாசனை. யாரோ குளுக்கோஸ் பாட்டில்களைத் தலைகீழாக அடுக்கி வைத்திருந்தார்கள், திட்டிக்கொண்டே சரிசெய்தேன். எவ்வளவு நிம்மதி!

மாலையில் மாவட்ட அலுவலகத்துக்கு வரச் சொன்னார்கள். கண்காணிப்பாளர் தமயந்தி அம்மாள் காப்பி வரவழைத்தார். கெட்டவர் இல்லை, ஃபைல் சீக்கிரம் முடிய வேண்டும் என்று நினைப்பவர். நீங்கள் வெளியே இருந்த காலத்தை எப்படிக் கணக்கில் வைப்பது என்று இன்னும் முடிவாகவில்லை, பணிக்காலமாக வைக்க மேலே கேட்க வேண்டும், இழுக்கும், அதனால் அந்தக் காலம் முழுவதற்கும் ஒரு விடுப்பு விண்ணப்பம் கொடுத்துவிடுங்கள், பத்து நாளில் முடித்துவிடலாம் என்றார். இதுவரை நான் சேர்த்து வைத்த விடுப்பெல்லாம் அதில் கழியும். அதற்கு மேல் உள்ளது சம்பளமில்லாத விடுப்பு.

படிவத்தைக் கொடுத்தார். நாளைக்குத் தருகிறேன் என்று வாங்கி வந்தேன்.

ஜூன் 7

கையெழுத்துப் போட்டுவிடு என்கிறார் வீட்டுக்காரர். பத்து நாளில் கொஞ்சமாவது வரும், கல்லூரிக் கட்டணம் கட்டலாம், கடைக்குச் சரக்கு எடுக்கலாம். அவர் இந்தப் பதினான்கு மாதத்தில் ஒருநாள்கூட முகம் சுளிக்கவில்லை. அவர் சொல்வதை ஒதுக்க எனக்கு மனமில்லை.

பேனாவை எடுத்து உட்கார்ந்தேன். பெயர் எழுதினேன். பதவி எழுதினேன். முதல் தேதி, கடைசித் தேதி எழுதினேன். அடுத்த கட்டம்: விடுப்பு கோருவதற்கான காரணம்.

என்ன எழுதுவது? உடல்நலக் குறைவா? இரும்பு மாதிரி இருந்தேன். சொந்த வேலையா? சொந்த வேலை எதுவும் செய்யவில்லை என்று பதினான்கு மாதம் பதினான்கு தடவை எழுதிக் கொடுத்திருக்கிறேன். குடும்பச் சூழ்நிலை என்று எழுது, எல்லாரும் அதைத்தான் எழுதுவார்கள் என்றார் வீட்டுக்காரர். என் குடும்பத்துக்கு என்ன சூழ்நிலை? என்னைத் திருடி என்று வெளியே நிறுத்தியதுதான் சூழ்நிலை.

இரண்டு மணி நேரம் அந்த ஒரு கட்டத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அரிசி குழைந்துவிட்டது.

ஜூன் 15

இன்னும் எழுதவில்லை. தமயந்தி அம்மாள் போன் செய்தார். நாலு வார்த்தை எழுத பத்து நாளா என்று சிரித்தார்.

ஜூலை 30

நேற்று பீர் சாரைத் தற்காலிகப் பணிநீக்கம் செய்துவிட்டார்கள். நாளை அவர் ஓய்வுபெற வேண்டிய நாள். பிரிவு உபசாரத்துக்கு வாங்கி வைத்திருந்த சால்வையை என்ன செய்வது என்று தெரியாமல் நெடுவயல்காரர்கள் முழிக்கிறார்களாம்.

எனக்கு இது நடந்தபோது நான் எப்படி இருந்தேனோ அதே மாதிரி இன்று இருக்கிறது. ஒரு வருடத்துக்கு முன்பு இதே செய்தி வந்திருந்தால் மைசூர்பாகு வாங்கியிருப்பேன். அதையும் மறைக்காமல் எழுதி வைக்கிறேன்.

அண்ணாச்சி ஒன்று சொன்னார். "தங்கச்சி, ஒங்க ஃபைலும் அவர் ஃபைலும் ஒண்ணுக்கு மேல ஒண்ணுதான் இருக்கு. நீங்க லீவு லெட்டர் குடுத்துட்டீங்கன்னு வையுங்க, அவருக்கும் அதையே நீட்டுவாங்க. அந்தம்மாவே குடுத்துட்டாங்க, ஒமக்கென்னன்னு கேப்பாங்க. அவருக்கு இனிமே கழிக்க லீவும் இல்ல, திரும்பிப் போக வேலையும் இல்ல."

ஆகஸ்ட் 1

காரணம் எழுதிவிட்டேன். கட்டத்துக்குள் அடங்கவில்லை, ஓரத்திலும் எழுதினேன்.

"நான் விடுப்பில் இருக்கவில்லை. வேலைக்கு வரத் தயாராக இருந்தேன், வரவிடாமல் நிறுத்தப்பட்டேன். நிறுத்தியதற்குச் சொன்ன காரணம் பொய் என்று தங்கள் விசாரணையே சொல்லிவிட்டது. நான் கேட்காத விடுப்பை எனக்குத் தர வேண்டாம். இக்காலத்தைப் பணிக்காலமாகக் கருதி ஆணையிட வேண்டுகிறேன்."

வீட்டுக்காரரிடம் படித்துக் காட்டினேன். திட்டுவார் என்றுதான் நினைத்தேன். தாளை வாங்கி இன்னொரு தடவை படித்துவிட்டு, "மொத வரியே போதும்ட்டி. சரி, அனுப்பு. கடைச் சரக்கு எங்கயும் ஓடிப் போயிராது" என்றார். கட்டணத்துக்கு அவர் தம்பியிடம் கேட்டிருக்கிறார் என்று மகள் பிறகு சொன்னாள்.

ஆகஸ்ட் 27

மாவட்ட அலுவலக ஆணை. பதிவேட்டில் ஏற்றாத குறை என் மேல் இருப்பதால் என்னை நிறுத்தி வைத்தது முழுவதும் நியாயமற்றது என்று சொல்ல முடியாதாம். ஆகவே விடுப்புதானாம். தமயந்தி அம்மாள் போனில், நான் அப்போதே சொன்னேனே என்றார். அவர் குரலில் வருத்தம் இருந்தது.

சென்னைக்கு மேல்முறையீடு எழுத ஆரம்பித்தேன்.

செப்டம்பர் 9

மேல்முறையீடு அனுப்பியாயிற்று. ஐந்து பக்கம் எழுதி அண்ணாச்சி இரண்டாகக் குறைத்தார். சாரம் இதுதான்: ஏற்றாதது என் தவறு, அதற்குரிய தண்டனையைக் கொடுங்கள், வாங்கிக்கொள்கிறேன். ஆனால் அதற்காக யாரையும் பதினான்கு மாதம் வெளியே நிறுத்த மாட்டார்கள். என்னை நிறுத்தியது திருட்டு என்று சொல்லி. திருட்டு இல்லை என்று ஆகிவிட்டது. பிறகு அந்த நாட்கள் என்னுடையவை.

நவம்பர் 3

இன்று மாவட்டம் முழுவதற்கும் சுற்றறிக்கை வந்திருக்கிறது. அவசரத்துக்குப் பக்கத்து ஆஸ்பத்திரிக்கு மருந்து கொடுத்தால் எழுதி வைக்கத் தனிப் பதிவேடு, அனுமதியைப் பிறகு வாங்கிக்கொள்ளலாம். இருபத்திரண்டு வருடம் நாங்கள் ஆணியில் குத்தி வைத்ததற்கு ஒரு நோட்டு கிடைத்துவிட்டது. முதல் பக்கத்தில் வரிசை எண் போட்டேன்.

டிசம்பர் 16

வந்துவிட்டது.

தமயந்தி அம்மாள் தானே போன் செய்து வரச் சொன்னார். ஆணையைக் கையில் கொடுக்காமல் அவரே வாசித்தார். பதிவேட்டில் ஏற்றாத குறைக்குக் கண்டனம். "தற்காலிகப் பணிநீக்கத்தில் இருந்த காலம் முழுவதும் அனைத்து வகையிலும் பணிக்காலமாகக் கருதப்படுகிறது."

இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னேன். வாசித்தார். பக்கத்து மேசைக்காரர்கள் எல்லாம் வேலையை நிறுத்திவிட்டுக் கேட்டார்கள். முழுச் சம்பளம், ஊதிய உயர்வு, சேர்த்து வைத்த விடுப்பு, எல்லாம் அப்படியே. கண்டனம் எனக்கு உரியது, அதையும் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன். பணிப்பதிவேட்டை எடுத்து என் கண்முன்னாலேயே பதிந்தார்.

இது போல ஓர் ஆணை இந்த அலுவலகத்துக்கு வந்ததே இல்லை, எல்லாரும் முதல் நாளே விடுப்பு எழுதிக் கொடுத்துவிடுவார்கள் என்றார். அவரிடம் இன்னும் ஒன்று கேட்டேன், நான்கு நகல் வேண்டும் என்று. நான்கு எதற்கு என்று அவர் கேட்கவில்லை.

டிசம்பர் 18

ஞாயிறு. காலை ஒன்பது மணி பஸ்ஸில் நெடுவயலுக்குப் போனேன். பீர் சார் வீடு பள்ளிவாசலுக்குப் பின் தெரு. இத்தனை வருடத்தில் இதுதான் முதல் தடவை.

அவரே கதவைத் திறந்தார். மெலிந்து போயிருந்தார். "வாங்கம்மா" என்றவர் நாற்காலியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். உள்ளே அவர் பேரன் எதற்கோ அழுதுகொண்டிருந்தான். மேசையில் ஒரு படிவம் இருந்தது. எனக்குக் கொடுத்த அதே படிவம், அவர் ஃபைலையும் முடிக்க அனுப்பியிருக்கிறார்கள். பெயரும் தேதியும் எழுதியிருந்தார். காரணக் கட்டத்தில் ஒன்றும் இல்லை.

ஆணையின் நகலை அதன்மேல் வைத்தேன். நின்றுகொண்டே முழுவதும் படித்தார். பிறகு உட்கார்ந்து மறுபடி படித்தார். ஒங்களுக்குக் கெடச்சதுல ரொம்பச் சந்தோஷம்மா என்றார். இது உங்களுக்காகத்தான் கொண்டுவந்தேன், எண்ணையும் தேதியையும் மேற்கோள் காட்டி எழுதுங்கள், இதே ஃபைல், இதே மருந்து, உங்களுக்கு மட்டும் வேறு மாதிரி சொல்ல முடியாது என்றேன்.

அவர் தலையை ஆட்டினார். தாளை என் பக்கம் தள்ளினார்.

"எனக்கு இதைக் கேக்க அருகதை இல்லம்மா. மொதல்ல இல்லைன்னு சொன்னவன் நான். ஒங்கள பதினாலு மாசம் நிக்க வச்சவன்."

பதினாறு மாதமாக அவரிடம் சொல்ல நான் எத்தனையோ வைத்திருந்தேன். எல்லாவற்றையும் வரிசையாக மனப்பாடம் செய்திருந்தேன். ஒன்றும் வரவில்லை. வந்தது வேறு.

"ஆமா, நிக்க வச்சீங்க. எனக்கு அது ஆறல, ஆறும்னு பொய் சொல்ல மாட்டேன். ஆனா சார், அந்த ரெண்டு நாள் நீங்க போன் போடாம இருந்திருந்தா ஒங்களுக்கு ஒரு கேசும் இல்ல, எனக்கும் இல்ல. நாலு பேரு மட்டும் இருந்திருக்க மாட்டாங்க. நீங்க கேட்டீங்க, நான் குடுத்தேன். அது டூட்டி இல்லன்னா, நாம இத்தன வருசமா பாத்ததுக்குப் பேரு என்ன?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவர் மனைவி டீ கொண்டுவந்து வைத்துவிட்டு, கதவோரத்திலேயே நின்றுவிட்டார். நானும் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டேன், வெட்கப்பட ஒன்றும் இல்லை.

பீர் சார் அந்தப் படிவத்தை எடுத்து நான்காக மடித்து ஓரமாக வைத்தார். புதிதாக ஒரு வெள்ளைத் தாளை எடுத்து, மேலே தேதி போட்டார்.

"சொல்லுங்கம்மா," என்றார், "எழுதுதேன்."